முதல் வாசகரின் பென்சில்

அழைப்பிதழை முத்திரைக்காரர் மூன்றாவது தடவையாகப் படித்தார். எழுத்து மாறவில்லை. ‘சிறப்புரை: நூலாசிரியரின் கணவரும் அவருடைய முதல் வாசகருமானவர், பத்து நிமிடம்’ என்றுதான் இன்னும் போட்டிருந்தது.

“என்னைக் கேக்காமலே போட்டுட்டாங்களே?”

“நான்தான் போடச் சொன்னேன்,” என்றார் மனைவி, டீயை ஆற்றிக்கொண்டே. “மூணு புத்தகத்துலயும் முன்னுரையில உங்களுக்கு நன்றி சொல்லியிருக்கேன். நாலாவதுக்காவது உங்க முகத்த நாலு பேரு பாக்க வேண்டாமா?”

“முகத்தப் பாக்கட்டும். பேச்சு எதுக்கு?”

“முகம் மட்டும்னா ஃபோட்டோவே போதுமேங்க.”

அவர் டீயை அவசரமாகக் குடித்து நாக்கைச் சுட்டுக்கொண்டார். விழா அடுத்த சனிக்கிழமை. இன்று ஞாயிறு. நடுவில் ஐந்தே நாள்.

கடைகளுக்குப் போய்த் தராசுகளைச் சோதித்து முத்திரை குத்துவது அவர் உத்தியோகம். அரை கிராம் குறைந்தாலும் விடமாட்டார். அவர் தெருமுனையில் திரும்புவது தெரிந்தாலே கடைக்காரர்கள் தராசுத் தட்டைத் துடைத்து வைப்பார்கள். அப்பேர்ப்பட்ட மனிதர் சொந்த வீட்டில் பதினான்கு வருடமாகக் கள்ள எடை போட்டுக்கொண்டிருந்தார். மனைவி எழுதிய புத்தகங்களில் ஒன்றைக்கூட அவர் படித்ததில்லை.

மனைவி வரலாற்றாசிரியர். கல்லூரியில் பாடம் நடத்துகிறார். யாரும் எழுதி வைக்காத பெண்களின் வாழ்க்கையைத் தோண்டியெடுத்து எழுதுவது அவர் வேலை. முதல் புத்தகம், வீட்டில் துணி துவைத்ததன் வரலாறு. இரண்டாவது, வீட்டில் யார் எப்போது சாப்பிட்டார்கள் என்பதன் வரலாறு. மூன்றாவது, பெண்கள் எழுதிவிட்டு அனுப்பாமல் மடித்து வைத்த கடிதங்கள். ராஜாக்கள் எங்கே சண்டை போட்டார்கள் என்று எழுதியிருந்தால் கணவர் படித்திருப்பாரோ என்று கேட்டால், அதையும் படித்திருக்க மாட்டார். அச்சடித்த பக்கத்தைக் கண்டாலே அவருக்குக் கண்ணைச் சொக்கும். அது உடம்புவாகு.

கள்ள எடை ஆரம்பித்தது முதல் புத்தகத்தில். கல்யாணமாகி இரண்டாவது வருடம், தட்டச்சு செய்த முந்நூற்று இருபது தாளை மனைவி அவர் மடியில் வைத்தார்.

“வேற யாரும் படிக்கறதுக்கு முன்ன நீங்க படிக்கணும். தப்பு இருந்தா ஓரத்துல குறிச்சுக் குடுங்க.”

அந்தக் கட்டு ஒரு மாதம் வீட்டுக்கும் அலுவலகத்துக்கும் நடையாய் நடந்தது. அவர் ஏழாம் பக்கத்தைத் தாண்டவில்லை. எதிர் மேஜையில் பதிவேடுகளைப் பார்த்துக்கொள்ளும் அம்மா ஒருநாள் கேட்டார்.

“என்ன சார் அது, தலையணை மாதிரி?”

“தலையணையாத்தான் இருக்கும்மா எனக்கு. என் சம்சாரம் எழுதினது. படிச்சுத் தப்பு குறிச்சுக் குடுக்கணுமாம்.”

“குடுங்க சார். வீட்டுக்கு எடுத்துட்டுப் போறேன்.”

மூன்று வாரம் கழித்துக் கட்டு திரும்பி வந்தது. ஒவ்வொரு பக்கத்தின் ஓரத்திலும் பென்சிலில், உருண்டை உருண்டையான எழுத்தில் குறிப்புகள். அன்றைக்கு உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் அவர் வீட்டுக்குப் போனார். இதை அவர் யார் தலையில் வேண்டுமானாலும் அடித்துச் சத்தியம் செய்வார். ஆனால் மனைவி கட்டை வாங்கிப் புரட்டி, நாற்பத்தோராம் பக்கத்தில் நின்றுவிட்டார்.

பெண்கள் விடிந்ததும் துவைக்கத் தொடங்கி ஏழு மணிக்குள் முடித்தார்கள் என்று மனைவி எழுதியிருந்தார். பக்கத்தில் பென்சில் குறிப்பு: ‘ஏழு மணிக்கு முடியாது. முந்தின நாளே ஊறப்போட்டிருக்க வேண்டும். கலர் தனி, வெள்ளை தனி. ஊறப்போடுவதை யாருமே வேலையாக எண்ணுவதில்லை. நீங்களுமா?’

மனைவி நிமிர்ந்தபோது கண் கலங்கியிருந்தது.

“இத எப்படிங்க கவனிச்சீங்க?”

அந்தப் பார்வையில்தான் அவர் விழுந்தார். அதுவரை எந்தக் கடைக்காரரும் சரி, சொந்த அம்மாவும் சரி, யாரும் அவரை அப்படிப் பார்த்ததில்லை. வாயைத் திறந்தார். உண்மை வெளியே வரவில்லை.

“கையெழுத்து வேற மாதிரி இருக்கே?” என்று கேட்டார் மனைவி.

“பென்சில்ல எழுதினா எனக்கு இப்படி ஆயிடும்.”

“ஓ,” என்றார் வரலாற்றாசிரியர்.

அந்த அத்தியாயம் அடியோடு மாற்றி எழுதப்பட்டது. புத்தகத்துக்குப் பேர் வாங்கிக் கொடுத்ததும் அதுதான். அடுத்தடுத்த கட்டுகளும் அதே வழியில் போயின, அதே வழியில் வந்தன. பக்கங்களில் சோப்புத் தண்ணீர்த் துளிகள் காய்ந்திருக்கும். சில இடங்களில் எண்ணெய் விரல். ஒரு குறிப்பு பாதியில் நின்று, ‘பால் பொங்கிவிட்டது. பிறகு’ என்றிருந்தது. முன்னுரைதோறும் ‘என் முதல் வாசகரான கணவருக்கு’ என்று நன்றி வந்தது. கல்லூரிப் பெண்கள் தங்களுக்கு வரப்போகிற கணவர்களுக்கு அவரையே அளவுகோலாக வைத்துக்கொண்டார்கள். எதிரில் வந்தால் வணக்கம் சொன்னார்கள்.

அவருக்குப் பயம் ஊரை நினைத்து இல்லை. ஊர் நான்கு நாள் சிரிக்கும், மறந்துவிடும். மனைவி அந்த மாதிரி இனிமேல் பார்க்கமாட்டார் என்பதுதான் பயம்.

திங்கட்கிழமை காலையில் நேரே நூலகத்துக்குப் போனார். விழா ஏற்பாடெல்லாம் நூலகருடையது.

“சார், எனக்குப் பேச்செல்லாம் வராது. என் பேர எடுத்துடுங்க.”

“வராதுன்னு நீங்களே சொல்லிக்கக் கூடாது.”

“கூச்சத்துல சொல்லல சார். நெசமாவே நான் ஒண்ணும் செய்யல.”

நூலகர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “பாருங்க, ஒண்ணுமே செய்யலங்கறீங்க. எங்க நூலகத்துக்கு வர்ற ஒவ்வொருத்தரும் ரெண்டு வரி கவிதை எழுதிட்டு ஒரு மணி நேரம் பேசணும்கறாங்க. உங்கள மாதிரி ஒருத்தரத்தான் சார் ஜனங்க கேக்கணும்.”

அங்கேயே பேனாவை எடுத்துப் பத்து நிமிடத்தை இருபத்தைந்தாக்கினார். அதற்கு இடம் வேண்டி, கல்லூரி முதல்வரின் தலைமையுரையை ஐந்து நிமிடமாகக் குறைத்தார்.

சரி, படித்தே விடுவோம் என்று முடிவு செய்தார் முத்திரைக்காரர். செவ்வாய்க்கிழமை மாவு மில்லுக்குச் சோதனைக்குப் போகும்போது முதல் புத்தகத்தைக் கையோடு கொண்டுபோனார். எடைக்கற்களைக் கொண்டுவரும்வரை நாற்காலியில் உட்கார்ந்து பிரித்தார். ஒன்பதாம் பக்கத்தில் கண் மூடிக்கொண்டது.

மில்காரருக்கு அது தூக்கமென்று தெரியவில்லை. தடித்த புத்தகத்தைப் படித்துவிட்டு அதிகாரி கண்ணை மூடி யோசிக்கிறார், புதுச் சட்டம் ஏதோ வந்திருக்கிறது என்று அவருக்குத் தோன்றியது. இருபது நிமிடம் நின்று பார்த்தார். அதற்குமேல் அவரால் தாங்க முடியவில்லை.

“சார், உள்ள இன்னொரு தராசு இருக்கு. அது கொஞ்சம் முன்னப்பின்ன காட்டும். நானே சொல்லிடறேன்.”

முத்திரைக்காரர் திடுக்கிட்டு விழித்தார். உத்தியோகத்தில் அவருக்குக் கிடைத்த மிகச் சுலபமான பிடிப்பு அதுதான். ஆனால் பத்தாம் பக்கம் பத்தாம் பக்கமாகவே நின்றது.

புதன்கிழமை காலை அவர் பேசவில்லை. தொண்டையைத் தொட்டுக் காட்டிக் கையை விரித்தார்.

“தொண்டை கட்டிடுச்சா?” என்றார் மனைவி.

பாவமாகத் தலையாட்டினார். மனைவி வெந்நீர் வைத்துக் கொடுத்துவிட்டுத் தொலைபேசியை எடுத்தார். இதோ விழாவிலிருந்து தன் பேரை எடுக்கப்போகிறார் என்று கணவர் வெந்நீரை ரசித்துக் குடித்தார்.

“ஆமா சார், பேச முடியல. அதனால என்ன, ஒரு கரும்பலகை வச்சிடுங்க. பசங்க கேள்வி கேக்கட்டும், இவரு பதிலப் பலகையில எழுதட்டும். அதுவும் நல்லாத்தான் இருக்கும்.”

வெந்நீர் புரையேறியது. அவருடைய கையெழுத்து, எறும்பு மையில் விழுந்து எழுந்து போன மாதிரி இருக்கும். அதை நாற்பது நாற்காலி தூரத்திலிருந்தும் அடையாளம் கண்டுகொள்ளலாம்.

“சரியாயிடுச்சு,” என்றார் கணீரென்று.

“அதுக்குள்ளயா?”

“வெந்நீர் நல்லா வேல செய்யுது.”

மனைவி காலி டம்ளரை வாங்கிக்கொண்டார். “சொன்னது சொல்லியாச்சு, பலகையும் இருக்கட்டும்,” என்றார்.

இனி ஒரே வழிதான். அலுவலகத்தில் பதிவேட்டு அம்மாவின் மேஜை முன்னால் போய் நின்றார்.

“அம்மா, நீங்கதான் என்னைக் காப்பாத்தணும். அந்த மூணு புத்தகத்தப் பத்தியும் இருபத்தஞ்சு நிமிஷம் பேசணும். நீங்க ஒரு பேச்சு எழுதித் தரணும்.”

அந்த அம்மா பேனாவைக் கீழே வைத்தார். “இருபத்தஞ்சு நிமிஷமா? அவ்வளவுக்கு... வீட்டுல போய்ப் பாத்துச் சொல்றேன் சார்.”

“இப்பவே ஏதாவது ரெண்டு விஷயம் சொல்லுங்களேன். ரெண்டாவது புத்தகத்துல என்ன முக்கியம்?”

“அதெல்லாம் சட்டுனு வராது சார். வீட்டுல போய்த்தான்.”

நல்ல வாசகர்கள் அப்படித்தான், அவசரப்படமாட்டார்கள் என்று அவர் மதிப்போடு நினைத்துக்கொண்டார். அப்போது மணி பன்னிரண்டரை. பதிவேட்டு அம்மாவின் கணவர் சாப்பாட்டுப் பையோடு வாசலில் வந்து நின்றார். வேலைக்குப் போகாத மனிதர். தினமும் அதே நேரத்துக்கு வருவார், பையைக் கொடுப்பார், காலிப் பாத்திரத்துக்குக் காத்திருப்பார். முத்திரைக்காரருக்கு அவரைப் பார்க்கும்போதெல்லாம் பரிதாபமாக இருக்கும். பாவம், பொழுதே போகாது என்று நினைப்பார். முன்பு ஒரு தடவை மழை பெய்த அன்று, மூன்றாவது புத்தகத்தின் கட்டை அவர் கையில்தான் கொடுத்து அனுப்பினார். நனையாமல் கொண்டுபோங்கள், முக்கியமான காகிதம் என்று சொன்னபோது, “தெரியும் சார்,” என்று அந்த மனிதர் அதைத் தன் சட்டைக்குள் வைத்துக்கொண்டு போனார்.

மறுநாளே பேச்சு வந்துவிட்டது. பென்சிலில், உருண்டை எழுத்தில், பன்னிரண்டு பக்கம். முத்திரைக்காரர் வாழ்க்கையில் முதல்முறையாகப் பன்னிரண்டு பக்கத்தைத் தூங்காமல் படித்தார். அவ்வளவு நன்றாக இருந்தது. வீட்டுக்கு வந்ததும் குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு மனப்பாடம் செய்தார்.

“எல்லாரும் சாப்பிட்ட பிறகு மிச்சம் இருந்ததைச் சாப்பிட்டார்கள் என்று எழுதிவிடுகிறோம். மிச்சமே இல்லாத நாளில் என்ன சாப்பிட்டார்கள் என்று யாராவது கேட்டோமா?”

கதவைத் திறந்தால் மனைவி நின்றுகொண்டிருந்தார்.

“எவ்வளவு நேரமா நிக்கற?”

“மிச்சமே இல்லாத நாள்லேர்ந்து,” என்றார் மனைவி. “உங்களுக்கு இவ்வளவு தெரியுது. ஆனா ஒரு நாள்கூட நீங்க ஒரு பாத்திரம் கழுவி நான் பாத்ததில்ல. ஒரு துணி துவைச்சதில்ல.”

“அது வந்து... அறிவு வேற, பழக்கம் வேற.”

“நாளைக்குத் துவைக்கற ஆள் வரமாட்டாங்க. நீங்களே துவைச்சுப் போடுங்களேன். விழாவுக்கு உங்க வெள்ளச் சட்டையும் அதுலதான் இருக்கு.”

மாட்டேன் என்று சொன்னால் முதல் புத்தகமே பொய்யாகிவிடும். வெள்ளிக்கிழமை காலை முத்திரைக்காரர் ஒரு பெரிய வாளியில் எல்லாத் துணியையும் ஒன்றாகப் போட்டார். மனைவியின் புதுச் சிவப்புப் போர்வையும் அதில் இருந்தது. சோப்பை அவர் அளந்து போட்டார், கிராம் பிசகாமல். அதில் ஒரு குறையும் சொல்ல முடியாது.

மத்தியானம் கொடியில் காய்ந்த சட்டையைப் பார்த்துவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டார். சட்டை ரோஜாப்பூ நிறத்தில் இருந்தது. மற்ற வெள்ளைச் சட்டைகள் மூன்றும் அதே நிறம். பனியன்கூட விலக்கில்லை.

“புதுசா வாங்கினீங்களா?” என்று மட்டும் கேட்டார் மனைவி.

சனிக்கிழமை சாயங்காலம் நூலகத்தின் மேல்மாடிக் கூடம் நிரம்பி வழிந்தது. மேடையில் ஒரு மேஜை, ஒலிவாங்கி, கரும்பலகை, சாக்கட்டி. ‘ஓரத்துக் குறிப்புகள்’ என்ற நான்காவது புத்தகம் வாசலிலேயே அடுக்கி வைக்கப்பட்டிருந்தது. பழைய பதிவேடுகளிலும் பள்ளி நோட்டுகளிலும் பெண்கள் ஓரமாகக் கிறுக்கி வைத்தவற்றைப் பற்றிய புத்தகம். இதன் கட்டும் பதிவேட்டு அம்மா வழியாகவே போய் வந்திருந்தது. கடைசி அத்தியாயம் மட்டும் அதில் இல்லை, இன்னும் எழுதி முடியவில்லை என்று மனைவி அப்போது சொல்லியிருந்தார்.

பதிவேட்டு அம்மாவை அவர் முன்வரிசையில் நடுநாயகமாக உட்காரவைத்திருந்தார்.

“கேள்வி வந்தா உங்களத்தான் பாப்பேன். ஆமான்னா தலையாட்டுங்க. இல்லன்னா கைக்குட்டைய எடுங்க.”

“சார், நான் உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்னு...”

“எல்லாம் அப்புறம் சொல்லலாம்மா. இப்ப தலைய மட்டும் பாத்துக்குங்க.”

அந்த அம்மாவோடு வந்த கணவர் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்து, வாசலில் வாங்கிய புத்தகத்தைப் பிரித்துக்கொண்டார். பொழுதுபோக அவருக்கும் ஏதாவது வேண்டுமே என்று முத்திரைக்காரர் நினைத்தார்.

பேச்சு பிரமாதமாக அமைந்தது. மிச்சமே இல்லாத நாளுக்கு நூலகர் பகிரங்கமாக மூக்கைச் சிந்தினார். இருபத்தைந்து நிமிடம் முடிந்து கைதட்டல் எழுந்தபோது, தப்பித்தோம் என்று முத்திரைக்காரர் ஒரு மூச்சு விட்டார். அந்த மூச்சு முழுசாக வெளியே வருவதற்குள் ஒரு மாணவி எழுந்து நின்றாள்.

“சார், கலர் துணியத் தனியா ஊறப்போடணும்னு நீங்க குறிச்சதாலதான் முதல் புத்தகமே மாறுச்சுன்னு மேடம் வகுப்புல சொல்வாங்க. அந்த விஷயம் உங்களுக்கு எப்படித் தெரிஞ்சது?”

கூடம் முழுவதும் அவர் சட்டையைப் பார்த்தது. ரோஜா நிறம் விளக்கு வெளிச்சத்தில் இன்னும் தூக்கலாகத் தெரிந்தது. யாரோ ஒருவர் சிரிப்பை இருமலாக மாற்றினார்.

அவர் பதிவேட்டு அம்மாவைப் பார்த்தார். அந்த அம்மா தலையும் ஆட்டவில்லை, கைக்குட்டையும் எடுக்கவில்லை. திரும்பிக் கடைசி வரிசையைப் பார்த்தார். பிறகு இவரைப் பார்த்தார். மறுபடியும் கடைசி வரிசையைப் பார்த்தார். கதவு எங்கே இருக்கிறது என்று தேடுகிறார் போலிருக்கிறது என்று இவருக்குத் தோன்றியது. இவருக்கும் அதே யோசனைதான்.

மேடையில் மனைவி கன்னத்தில் கைவைத்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பதினான்கு வருடமாகப் பார்த்த அதே பார்வை. தனக்குச் சேராத அந்தப் பார்வையை இனி ஒரு நிமிடம்கூட வாங்கிக்கொள்ள முடியாது என்று அவருக்குத் தோன்றியது.

“எனக்குத் தெரியாதும்மா,” என்றார். “தெரிஞ்சிருந்தா இந்தச் சட்டை வெள்ளையா இருந்திருக்கும்.”

சிரிப்பு எழுந்தது. அடக்கம் என்று நினைத்து நூலகரும் சிரித்தார்.

“சிரிக்காதீங்க. நான் ஒரு புத்தகமும் படிச்சதில்ல. முதல்ல ஏழு பக்கம், இந்த வாரம் ஒன்பது பக்கம், அவ்வளவுதான். இந்தப் பேச்சும் நான் எழுதினது இல்ல. ஓரத்துல இருக்கற ஒரு எழுத்துகூட என்னுது இல்ல. எங்க ஆபீஸ்ல இந்த அம்மாகிட்டதான் குடுத்தேன். குறிச்சு வந்தத வாங்கிட்டுப் போய் என்னுதுன்னு குடுத்தேன். முதல் நாளே சொல்லியிருக்கணும். ஒரு தடவ இவ என்னை அப்படிப் பாத்துட்டா, அப்புறம் சொல்ல வாய் வரல.”

அவர் மனைவி பக்கம் திரும்பினார். “மன்னிச்சுடு,” என்றார். ஒலிவாங்கி அதையும் கூடம் முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்தது.

மனைவி தண்ணீர் டம்ளரோடு எழுந்து வந்தார்.

“தெரியும். தண்ணி குடிங்க.”

“என்ன தெரியும்?”

“நூறு வருஷத்துக்கு முந்தின கிழிசல் காகிதத்தப் பாத்து இது யார் கை, எந்த வயசுன்னு சொல்றது என் தொழில். கட்டின புருஷன் கையெழுத்து எனக்குத் தெரியாதா? பென்சில்ல எழுதினா மாறுமாம்.”

கூடம் வெடித்துச் சிரித்தது. முத்திரைக்காரர் தண்ணீர் டம்ளரைப் பிடித்தபடி நின்றார்.

“அப்ப ஏன் கேக்கல?”

“முதல்ல கோவம்தான். நீங்களா சொல்வீங்கன்னு காத்திருந்தேன். அதுக்குள்ள அடுத்த கட்டு வந்துடுச்சு. நான் கேட்டு, நீங்க வெக்கப்பட்டு நிறுத்திட்டீங்கன்னா, அந்தக் குறிப்பு வராதேன்னு பயம் வந்துடுச்சு. அது இல்லாம எனக்கு எழுத வராது. அதனால நானும்தான் பொய் சொன்னேன், முன்னுரையில. சரிக்குச் சரி ஆயிடுச்சு.”

முத்திரைக்காரருக்குப் பதினான்கு வருடத்துப் பாரம் இறங்கியது. நாற்காலியைத் தேடி உட்கார்ந்தார். மனைவிக்குக் கோபம் இல்லை. வீட்டுக்குப் போகலாம். சட்டை எந்த நிறமாக இருந்தால்தான் என்ன என்று இருந்தது அவருக்கு.

மனைவி புதுப் புத்தகத்தைப் பிரித்தார். “இந்தக் கடைசி அத்தியாயத்த இவருக்குத் தராம வச்சிருந்ததுக்குக் காரணம் இதுதான். இது அந்தக் குறிப்புகளப் பத்தினது. பேரு தெரியாத அந்த ஆள நான் அந்தக் காகிதத்த வச்சே கண்டுபிடிக்கப் பாத்திருக்கேன்.” கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு வாசித்தார்.

“‘இவள் ஒரு குடும்பத் தலைவி. ஈரக் கையோடு எழுதுகிறாள் என்பதற்குச் சோப்புத் துளிகளே சாட்சி. அடுப்பில் பாலை வைத்துவிட்டு வாசிக்கிறாள். பக்கத்தின் ஓரத்தில் அவளே குறித்திருக்கும் நேரங்களைப் பார்த்தால், வீட்டிலுள்ளவர்கள் எல்லாம் வேலைக்குப் போன பிறகு, காலை பத்தரை மணிக்குத்தான் அவளுக்கு நேரம் கிடைக்கிறது. வெளியிலிருப்பவர்கள் அவளைப் பொழுது போகாதவள் என்றுதான் நினைத்திருப்பார்கள்.’”

காலை பத்தரைக்குப் பதிவேட்டு அம்மா எதிர் மேஜையில் அல்லவா இருப்பார் என்று முத்திரைக்காரருக்கு ஒரு கணம் உறுத்தியது. ஆனால் அன்றைக்கு அவருக்கு இருந்த நிம்மதியில் எதையும் சோதித்துப் பார்க்கிற எண்ணம் இல்லை. போகட்டும் என்று விட்டுவிட்டார்.

“பேரில்லாமப் போன பெண்களப் பத்தி எழுதி எழுதி, என் புத்தகத்துலயே ஒருத்தரப் பேரில்லாம விட்டிருந்தேன்,” என்றார் மனைவி. “மேல வாங்கம்மா.”

நூலகர் ஓடிப்போய்ப் பதிவேட்டு அம்மாவைக் கையைப் பிடிக்காத குறையாக மேடைக்கு அழைத்து வந்தார். அந்த அம்மாவுக்கு வியர்த்துக் கொட்டியது.

“மேடம், ஒரு நிமிஷம், நான் வந்து...”

கைதட்டலில் அது அமுங்கிவிட்டது. மாணவிகள் எழுந்து நின்று தட்டினார்கள்.

“சார், நான் வீட்டுக்கு எடுத்துட்டுப் போறேன்னுதானே சொன்னேன்,” என்று அந்த அம்மா முத்திரைக்காரரிடம் முறையிட்டார். அவரும் தட்டிக்கொண்டிருந்ததால் காதில் விழவில்லை.

மனைவி புத்தகத்தை இரண்டு கையாலும் அந்த அம்மாவிடம் நீட்டினார். “உங்களப் பத்தி எழுதின அத்தியாயம். இதுல தப்பு ஏதாவது இருந்தாலும் தயங்காதீங்க. வழக்கம்போல ஓரத்துல குறிச்சுக் குடுங்க, அடுத்த பதிப்புல திருத்திடறேன்.”

கைதட்டல் மெல்ல ஓய்ந்தது. கடைசி வரிசையிலிருந்து பதிவேட்டு அம்மாவின் கணவர் எழுந்து, தோளில் காலிச் சாப்பாட்டுப் பையோடு நடுவழியாக நடந்து வந்தார். மேடைக்குக் கீழே நின்று, பிரித்திருந்த புத்தகத்தை மேலே நீட்டினார். கடைசி அத்தியாயத்தின் ஓரம் முழுக்க உருண்டை எழுத்து நிறைந்திருந்தது. காதில் செருகியிருந்த பென்சிலை எடுத்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

“குறிச்சுட்டேன்மா, சோப்பு, பாலு, பத்தரை மணி எல்லாம் ரொம்பச் சரி, பொம்பளைன்னு போட்டதுதான் தப்பு.”